எண்ணூற்றுப் பன்னிரண்டு கன மீட்டர்

ஞானசம்பந்தம் மாஸ்டர் என் கடைக்கு முதன்முதலாக வந்தபோது கையில் ஒரு பள்ளிக்கூட நோட்டு வைத்திருந்தார். அரசு அலுவலகங்களுக்கு எதிர்ச் சந்தில் எனக்கு டைப்பிங், ஜெராக்ஸ் கடை. பதினாறு வருஷமாக ஊரார் மனுக்களை அடித்துக்கொடுத்து வாழ்கிறேன். மனு எழுத வருகிறவர்கள் கதையை முழுக்கச் சொல்லிவிட்டு சர்வே எண்ணைச் சொல்ல மறந்துவிடுவார்கள். இவர் தலைகீழ். நோட்டில் எண்கள் எல்லாம் இருந்தன. கதையைச் சொல்லத்தான் அவருக்கு மூன்று மாதம் ஆனது.

சொந்தப் பட்டா நிலத்திலிருந்து மண் எடுத்து வெளியே கொண்டுபோக அனுமதி வேண்டும் என்பது மனு. எவ்வளவு மண் என்று எழுத வேண்டிய இடத்தில் 812 கன மீட்டர் என்று அடிக்கச் சொன்னார். எல்லாரும் சுமார் ஆயிரம், சுமார் இரண்டாயிரம் என்றுதான் போடுவார்கள், நீங்களும் அப்படியே போட்டுக்கொள்ளுங்கள் என்றேன். கள்ளக் கையெழுத்துப் போடச் சொன்னதைப் போல என்னைப் பார்த்தார்.

"சுமாருன்னு போட்டா அளக்காதவன் எழுதுனதுன்னு ஆயிருமுங்க அம்மிணி. நான் அளந்திருக்கறனுங்க."

அளந்துதான் இருந்தார். ஐந்து ஞாயிற்றுக்கிழமை, மூன்றடிக்கு ஒரு முளை அடித்து, கயிறு கட்டி, கொத்தனாரிடம் தண்ணீர்க் குழாய் இரவல் வாங்கி மட்டம் பார்த்து, ஒவ்வொரு கட்டத்துக்கும் உயரம் குறித்திருந்தார். முப்பத்துநாலு வருஷம் ஒரே பனியன் கம்பெனியில் கட்டிங் மாஸ்டர். நூறு மடிப்புத் துணியை அடுக்கிவைத்து மேலே ஒரு கோடு போட்டு மிஷினை விடுகிற வேலை. கோடு கால் அங்குலம் தப்பினால் நூறு பனியனும் சேர்ந்து தப்பும். அப்படிப்பட்ட ஆளிடம் போய் சுமார் என்று போடுங்கள் என்றால் எப்படிப் போடுவார்? நான் சிரித்துவிட்டு 812 என்றே அடித்தேன். அன்றைக்கு இன்னும் கொஞ்சம் அடம்பிடித்திருக்கலாமே என்று பிறகு என்னையே எத்தனையோ முறை திட்டிக்கொண்டிருக்கிறேன்.

அவருடைய நிலம் மங்கலம் போகிற சாலையை ஒட்டி நாற்பது சென்ட். பின்பக்கம் தாழ்வில் ஓட்டு வீடு. முன்பக்கம், வீட்டுக்கும் சாலைக்கும் நடுவே, நிலத்தின் பாதியை அடைத்துக்கொண்டு ஆள் உயரத்துக்குச் செம்மண் மேடு. வாங்கும்போது அது ஒரு குறையாகத் தெரியவில்லை. பக்கத்து நிலத்தின் ஓரமாக ஒரு வண்டித்தடம் இருந்தது, எல்லாரும் அதில்தான் போய்வந்தார்கள். பிறகு பக்கத்து நிலத்தை ஒரு கம்பெனி வாங்கியது. தன் மண்ணையெல்லாம் ஒரே வாரத்தில் வாரிக்கொண்டு போய்விட்டு, சுற்றிலும் பத்தடிச் சுவர் எழுப்பியது. அந்த மண்ணை யார் அளந்தார்கள், யார் அனுமதித்தார்கள் என்று இன்றுவரை யாருக்கும் தெரியாது. தடம் சுவருக்கு உள்ளே போய்விட்டது. பத்திரத்தில் அப்படி ஒரு தடமே இல்லை என்பதால் மாஸ்டரால் ஒன்றும் கேட்க முடியவில்லை. வெளியே போக வேண்டுமென்றால் இனி மேட்டில் ஏறி இறங்க வேண்டும். புருஷனும் பொண்டாட்டியும் ஏறி இறங்கினார்கள்.

சுவர் வந்த ஏழாவது மாதம் அவர் மனைவி பழனியம்மாளுக்குப் பக்கவாதம் வந்து வலது கையும் காலும் விழுந்துவிட்டன.

பழனியம்மாளும் பனியன் கம்பெனிக்காரர்தான். இருபத்திரண்டு வருஷம் செக்கிங். டியூப்லைட் போட்ட மேசைக்கு முன்னால் நாள் முழுக்க நின்றுகொண்டு, ஒவ்வொரு பனியனாக விரித்து ஓட்டை, எண்ணெய்க் கறை, தையல் விட்ட இடம் எல்லாம் கண்டுபிடிக்கிற வேலை. கூட வேலை பார்த்த பெண்களோடு வாய் ஓயாமல் பேசிக்கொண்டு, வேனில் போய் வேனில் வந்த மனுஷி. ஆஸ்பத்திரியில் ஒரு சக்கர நாற்காலி கொடுத்தார்கள். அது வீட்டுக்குள் உருளும், வாசலில் உருளும், மேட்டுக்கு அடியில் வந்து நின்றுவிடும். பயிற்சிக்காக வாரம் மூன்று நாள் ஆஸ்பத்திரிக்கு வரச் சொல்லியிருந்தார்கள். மாஸ்டரும் ஆட்டோக்காரர் செங்கோட்டையனும் அந்த அம்மாவை ஒரு பிளாஸ்டிக் சேரில் உட்காரவைத்து, ஆளுக்கு ஒரு பக்கம் பிடித்து, மேட்டைத் தாண்டித் தூக்கிப்போவார்கள். ஒரு மழை நாளில் செங்கோட்டையனுக்குக் கால் வழுக்கி மூன்று பேரும் விழுந்தார்கள். யாருக்கும் பெரிய அடியில்லை. ஆனால் அதற்குப் பிறகு பழனியம்மாள் ஆஸ்பத்திரியும் வேண்டாம், ஒன்றும் வேண்டாம் என்று சொல்லிவிட்டார். ஈரோட்டில் கட்டிக்கொடுத்த மகள் சண்முகப்பிரியா கூப்பிட்டுப் பார்த்தாள். அவள் குடியிருப்பது லிப்ட் இல்லாத மூன்றாவது மாடி.

ஆக, மாஸ்டருக்கு வேண்டியது ஒன்றே ஒன்று. மேட்டை எடுத்துவிட்டு நிலத்தைச் சாலை மட்டத்துக்குக் கொண்டுவர வேண்டும். வாசலுக்கு ஒரு வண்டி வர வேண்டும். நூறு டிப்பர் லோடு மண், நாற்பது சென்டில் அதை வேறு எங்கே கொட்டுவது? வெளியேதான் போக வேண்டும். வெளியே போக அரசாங்கச் சீட்டு வேண்டும், இல்லாவிட்டால் வண்டியைப் பிடித்துக்கொள்வார்கள். சீட்டே இல்லாமல் நான்கே நாளில் முடித்துத் தருகிறேன் என்று ஒருவர் வந்தார். வீடு தேடிப் போலீஸ் வந்து தன்னைக் கூட்டிப்போனால் பழனியம்மாளுக்குச் சோறு யார் ஊட்டுவது என்று கேட்டு மாஸ்டர் அவரை அனுப்பிவிட்டார்.

மனு போய்ச் சேர்ந்தது. கிராம அலுவலகம், தாலுகா, சர்வே, மறுபடி தாலுகா, மண்ணுக்கென்று இருக்கிற அலுவலகம். ஒவ்வொரு இடத்திலும் ஒரு தாள் குறையும். அந்தத் தாளை வாங்கிவருவதற்குள் முன்னால் கொடுத்த தாள் பழசாகிவிடும். ஒரு வருஷம் எட்டு மாதம் நடையாய் நடந்தார். யாரும் அவரை விரட்டவில்லை, திட்டவில்லை, யாரும் கை நீட்டவும் இல்லை. உட்காருங்க ஐயா என்று மரியாதையாகச் சொல்லி, அடுத்த வாரம் வரச் சொன்னார்கள். அதுதான் எனக்கு ஆத்திரம். விரட்டியிருந்தாலாவது சண்டை போட்டிருக்கலாம்.

கடைசியில் அவிநாசி வக்கீல் முருகேஷ்தான் வழி சொன்னார். மண் எடுக்க மனுக் கொடுத்துக் காத்துக் கிடக்கிற நிலக்காரர்கள் பலரும் ஹைகோர்ட்டுக்குப் போகிறார்கள், கோர்ட் அதிகாரிகளுக்குக் கெடு வைக்கும் என்றார். அப்படியே ஆனது. மனுவைத் தகுதியின் பேரிலும் சட்டப்படியும் பரிசீலித்து எட்டு வாரத்துக்குள் உத்தரவு போட வேண்டும் என்று கோர்ட் சொன்னது. மாஸ்டர் கால் கிலோ மைசூர்பாகு வாங்கிவந்து என் மேசையில் வைத்தார். இந்த மாதிரி உத்தரவுகளை நான் நிறைய ஜெராக்ஸ் போட்டிருக்கிறேன். ஜெயித்துவிட்டோம் என்று பட்டாசு வெடித்தவர்களும் உண்டு. மாஸ்டரிடம் வாய்விட்டே சொன்னேன், கோர்ட் கொடு என்று சொல்லவில்லை, ஏதாவது ஒரு முடிவைச் சொல் என்றுதான் சொல்லியிருக்கிறது என்று.

"தெரியுமுங்க அம்மிணி. எதோ ஒண்ணு சொல்லிட்டாப் போதுமுங்க" என்றார்.

அந்த எட்டு வாரம் ஓடிக்கொண்டிருந்தபோதுதான் பழனியம்மாள் என் கடைக்கு வந்தார். ஆட்டோவிலிருந்து சக்கர நாற்காலியை இறக்கி, மனைவியை அதில் உட்காரவைத்து, மாஸ்டர் தள்ளிக்கொண்டு வந்தார். எப்படி வெளியே கூட்டிவந்தீர்கள் என்று கேட்டதற்கு வெட்கப்பட்டுக்கொண்டு சொன்னார். மேட்டின் குறுக்கே மூன்றடி அகலத்துக்கு ஒரு பாதை வெட்டியிருக்கிறார். மனு அலுவலகம் அலுவலகமாக அலைந்துகொண்டிருந்தபோதே ஆரம்பித்து, தினமும் விடிந்ததிலிருந்து வெயில் ஏறும்வரை, மண்வெட்டியும் இரும்புச் சட்டியும் வைத்துக்கொண்டு ஒற்றை ஆளாக. முழுக்க வெட்டவில்லை. சக்கரம் ஏறி இறங்கச் சரிவு கிடைக்கிற அளவுக்கு மட்டும். வெட்டிய மண்ணை வீட்டுக்குப் பின்னால் தண்ணீர் தேங்குகிற பள்ளத்தில் நிரப்பியிருக்கிறார். நிலத்தை விட்டு ஒரு சட்டி மண்கூட வெளியே போகவில்லை.

பழனியம்மாள் அன்றைக்கு ஒரு மணி நேரம் கடையில் இருந்தார். டீ குடித்தார். போகிற வருகிற எல்லாரையும் எந்த ஊர், என்ன மனு என்று கேட்டார். வாய் ஒரு பக்கம் இழுத்துக்கொண்டாலும் பேச்சு தெளிவாகத்தான் இருந்தது. சுவரில் நான் மாதிரிக்கு ஒட்டியிருந்த மனுவில் ஓர் எழுத்து விட்டுப்போனதைக் கண்டுபிடித்து, எட்டு வருஷமாக இதை யாருமே பார்க்கவில்லையா என்று என்னைக் கேலி செய்தார். தினமும் சாயங்காலம் மாஸ்டர் தன்னைப் பாதை வழியாகத் தள்ளிக்கொண்டுபோய்ச் சாலையோரம் விட்டுவிடுவதாகவும், கம்பெனி வேன்கள் திரும்பிப் போகும்போது பழைய பிள்ளைகள் கை காட்டுவதாகவும் சொன்னார். ஆஸ்பத்திரிக்கு மறுபடி போக ஆரம்பித்திருந்தார். இடது கையால் வலது கையைத் தூக்கி எனக்குக் காட்டினார், இரண்டு விரல் லேசாக அசைந்தன. நான் சந்தோஷப்பட்டேன். அந்தப் பாதை ஒரு வில்லங்கம் என்று எனக்கும் தோன்றவில்லை. இத்தனை மனு அடித்த எனக்கே தோன்றவில்லை.

ஐம்பத்தோராம் நாள் அதிகாரி அளக்க வந்தார். அருள்செல்வன் என்று பெயர், திருநெல்வேலிப் பக்கம், சின்ன வயசு. மூன்று காலில் நிற்கிற கருவியை வைத்து அரை நாள் அளந்தார். எண்ணூற்று ஒன்று வந்தது. மறுபடி அளந்தார். மறுபடியும் எண்ணூற்று ஒன்று. பதினோரு கன மீட்டர் எங்கே என்று கேட்டார். மாஸ்டர் பாதையைக் காட்டினார், பின்னால் கூட்டிப்போய் மண் கிடந்த இடத்தைக் காட்டினார், சக்கர நாற்காலியில் இருந்த மனைவியையும் காட்டினார்.

"நீங்க சொல்லுதது எனக்குப் புரியுது ஐயா. ஆனா மனுவுல எண்ணூத்திப் பன்னெண்டு இருக்கு, இடத்துல எண்ணூத்தி ஒண்ணுதான் இருக்கு. கண்டதத்தான் நான் எழுத முடியும்" என்றாராம் அவர்.

மாஸ்டர் அதை ஒப்புக்கொண்டார். தான் அந்த இடத்தில் இருந்தாலும் அப்படித்தான் எழுதியிருப்பேன் என்று என்னிடமே சொன்னார். ஐம்பத்தாறாம் நாள் உத்தரவு வந்தது. அனுமதி பெறும் முன்பே மண் அகற்றப்பட்டிருப்பதாலும், தளத்தின் அளவு மனுவோடு ஒத்துப்போகாததாலும் மனு நிராகரிக்கப்படுகிறது. கடைசி வரியில், மாண்பமை நீதிமன்றத்தின் உத்தரவு உரிய காலத்துக்குள் நிறைவேற்றப்பட்டது என்று எழுதியிருந்தது. சுமார் ஆயிரம் என்று போட்டிருந்தால் யாரும் பதினொன்றைத் தேடியிருக்க மாட்டார்கள். சரியாக அளந்து எழுதினவனைத்தான் அளவு தப்பியது என்று தள்ளியிருக்கிறார்கள்.

முருகேஷ் மறுபடி ஹைகோர்ட்டுக்குப் போனார். ஏழு மாதம் ஆயிற்று. இந்த முறை கோர்ட் பழைய உத்தரவை ரத்து செய்து, இடத்தைப் புதிதாக அளந்து, உத்தரவின் நகல் கிடைத்த ஆறு வாரத்துக்குள் முடிவெடுக்கச் சொன்னது. வக்கீல் சொன்ன செய்தியை நான்தான் மாஸ்டருக்குப் போன் செய்து சொன்னேன். புதிதாக அளப்பார்களா என்று மட்டும் கேட்டார். ஆமாம் என்றேன். போனை வைத்துவிட்டார்.

மூன்று நாள் கழித்து வக்கீல் கேட்ட ஒரு கையெழுத்துக்காக நானே வண்டி எடுத்துக்கொண்டு அவர் வீட்டுக்குப் போனேன். சாலையோரம் வண்டியை நிறுத்திவிட்டுப் பாதையைத் தேடினால் பாதையைக் காணோம். மேட்டின் நடுவில் வியர்வை வழிய மாஸ்டர் நின்றுகொண்டு, திமிசுக் கட்டையால் மண்ணை இடித்துக்கொண்டிருந்தார். பின்பக்கப் பள்ளத்தில் போட்ட மண்ணையெல்லாம் தோண்டி, சட்டி சட்டியாகத் தூக்கிவந்து, பாதையில் கொட்டி, தண்ணீர் தெளித்து, இடித்துக்கொண்டிருந்தார். அறுபத்து மூன்று வயசு.

எனக்கு வந்த கோபத்தில் மேட்டு மேலேயே நின்று சத்தம் போட்டேன். கிறுக்குப் பிடித்துவிட்டதா, பேசாமல் பாதையை அப்படியே விட்டுவிட்டு 801 என்று புது மனு போட்டிருக்கலாமே என்றேன். புது மனு என்றால் கிராம அலுவலகத்திலிருந்து மறுபடி ஆரம்பிக்க வேண்டும், இன்னொரு ஒரு வருஷம் எட்டு மாதம் என்றார். அதற்குத் தனக்குத் தெம்பு இல்லை என்றார். கோர்ட் சொல்லியிருப்பது பழைய மனுவை. பழைய மனுவில் இருப்பது 812. துணி துவைத்தால் சுருங்கும், மண் தோண்டினால் உப்பும், அதனால் இடித்து இடித்துத்தான் பழைய அளவுக்குக் கொண்டுவர வேண்டியிருக்கிறது என்று எனக்கு விளக்கம் வேறு சொன்னார்.

அப்படியானால் அக்கா எப்படி வெளியே போவாங்க என்று கேட்டேன். அவர் கட்டையைத் தூக்கினார். கீழே வாசலில் நாற்காலியில் இருந்த பழனியம்மாள்தான் சொன்னார்.

"நான்தான் மூடச் சொன்னேன் கண்ணு. அவரு பாதி மூடீட்டு யோசிச்சுக்கிட்டே நின்னாரு. இப்ப மூடுனாத்தான் எப்பவாச்சும் தொறப்பாங்க."

நான் கீழே இறங்கி அவர் பக்கத்தில் உட்கார்ந்தேன். வேன் வருகிற நேரம். மேட்டுக்கு அந்தப் பக்கம் வேன் சத்தம் கேட்டது, ஹாரன் அடித்துவிட்டுப் போனது. அவர் கை தூக்கவில்லை. யார் பார்க்கப்போகிறார்கள்? எனக்கு அழுகை வந்துவிட்டது, அந்த அம்மா முன்னால் அழக்கூடாது என்று கையெழுத்துத் தாளை எடுத்தேன்.

கோர்ட் உத்தரவின் நகல் அலுவலகத்துக்குப் போய்ச் சேரவே பதின்மூன்று நாள் ஆனது. அதற்குப் பிறகு முப்பத்தொன்பதாம் நாள் அருள்செல்வன் வந்தார். நானும் போயிருந்தேன். இந்த முறை என் கண்ணாலேயே கருவியில் பார்த்தேன், எண்ணூற்றுப் பன்னிரண்டு. அந்தப் பையனுக்கு எல்லாம் புரிந்திருந்தது. நடுவில் மூன்றடிக்கு மண்ணின் நிறம் வேறாக இருந்ததை அவர் பார்த்தார், பார்க்காதவர் மாதிரி அளவை மட்டும் எழுதிக்கொண்டார். மனுவோடு ஒத்துப்போகிறது, ரிப்போர்ட்டை இன்றைக்கே மேலே அனுப்பிவிடுகிறேன் என்றார். மாஸ்டர் அவருக்கு இளநீர் வெட்டிக் கொடுத்தார். கொடுத்துவிட்டுத் தயங்கித் தயங்கி, உத்தரவு வருகிறவரைக்கும் பாதையை மட்டும் வெட்டிக்கொள்ளலாமா என்று ஆரம்பித்தார்.

"கேக்காதீங்க" என்றார் பழனியம்மாள். "கேட்டா இல்லைன்னுதான் அவரு சொல்லோணும். சொல்லீட்டு அவரு எப்படித் தூங்குவாரு?"

அருள்செல்வன் தலையைக் குனிந்துகொண்டு இளநீரைக் குடித்தார். பிறகு மேட்டில் ஏறிப் போய்விட்டார்.

ரிப்போர்ட் மேலே போனது உண்மைதான். மேலே ஒருவர் மாற்றலாகிப் போயிருக்கிறார், புதியவர் இன்னும் வரவில்லை என்றார்கள். கோர்ட் கொடுத்த ஆறு வாரம் முடிந்தது. நாற்பத்திரண்டாம் நாளும் போனது, ஐம்பதாம் நாளும் போனது. இந்த நாட்களில் பழனியம்மாள் ஆஸ்பத்திரிக்குப் போகவில்லை. சேரில் தூக்கிப்போகலாம் என்று செங்கோட்டையன் வந்து நின்றிருக்கிறார், அந்த அம்மா மறுத்துவிட்டார். விரல் பழையபடி விறைத்துக்கொண்டது என்று மாஸ்டர் ஒரு நாள் என்னிடம் சொன்னார்.

கோர்ட் அவமதிப்பு என்று போவதற்கு முன்னால் அலுவலகத்துக்கு ஒரு நினைவூட்டு அனுப்பச் சொன்னார் முருகேஷ். நேற்றுக் காலை அதை அடித்தேன். நீதிமன்ற உத்தரவின் நகல் தங்களுக்குக் கிடைத்து இத்தனை நாட்களாகியும், என்று தொடங்கும் வழக்கமான வாசகம். எனக்கு அது தூக்கத்திலும் வரும். மாஸ்டர் கண்ணாடியைப் போட்டுக்கொண்டு ஒவ்வொரு வரியாக விரல் வைத்துப் படித்தார். மூன்றாவது வரியில் விரல் நின்றது.

"எழுபத்தொண்ணுன்னு போட்டிருக்கறீங்க அம்மிணி. அம்பத்தெட்டுன்னு இருக்கோணும். நகல் போன நாள்ல இருந்துதானுங்களே எண்ணுறது?"

தேதியைப் பார்த்தேன். அவர் சொன்னது சரி. எனக்குத் தெரியாமலே கை, கோர்ட் உத்தரவு வந்த நாளிலிருந்து எண்ணி அப்படி அடித்திருக்கிறது. நான் மன்னிப்புக் கேட்கப்போனேன்.

"பரவாயில்லீங்க" என்றார். "எழுபத்தொண்ணு எங்க ஊட்டுக் கணக்குங்க. அவ கடசியா வெளிய வந்து இன்னைக்கு எழுபத்தொண்ணு நாளாச்சுங்க. அத அவங்களுக்கு எழுதிப் பிரயோசனமில்லீங்க."

நான் அழித்துவிட்டு ஐம்பத்தெட்டு என்று போட்டேன். நான்கு பிரதி எடுத்துக் கொடுத்தேன். அவர் நான்கிலும் கையெழுத்துப் போட்டார்.